3டிஎஸ் கேட்ரிட்ஜ்களை எடுத்து வைக்க காட்மோட்9 போதுமா?

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நின்டெண்டோ 3டிஎஸ் என்ற கையடக்க கேம் மெஷினை வைத்திருப்பவர்கள் தங்களிடம் இருக்கும் கேம் கேட்ரிட்ஜ்களை ஃபைலாக எடுத்து வைக்க காட்மோட்9 என்ற மென்பொருள் அளவுக்கு நம்பகமான வேறொன்றை நான் பார்க்கவில்லை. இலவசம், ஓப்பன் சோர்ஸ், விளம்பரத் தொல்லை இல்லை, கம்ப்யூட்டரே இல்லாமல் மெஷினுக்குள்ளேயே எல்லா வேலையும் முடிந்துவிடும். ஆனால் இதை மட்டும் நம்பி "பேக்கப் எடுத்தாச்சு" என்று நிம்மதியாக இருந்துவிட முடியாது. கேம் தொலைந்தால் எங்கேயாவது காசு கொடுத்து இன்னொன்று வாங்கிவிடலாம், வருஷக்கணக்கில் ஆடிச் சேர்த்த சேவ், அதாவது ஆட்டத்தில் எதுவரை வந்தோம் என்ற பதிவு, எந்தக் கடையிலும் கிடைக்காது. அந்த விஷயத்தில் காட்மோட்9 சுமார்தான். அதற்குக் கூடவே செக்பாயின்ட் என்ற இன்னொரு ஹோம்பிரூ (நின்டெண்டோ அல்லாத ஆர்வலர்கள் எழுதும் மென்பொருள்) வேண்டும், அதைப் பற்றியும் கீழே எழுதியிருக்கிறேன்.

இப்போது எதற்கு இந்த வேலை என்று கேட்டால், மெஷினுக்கு வயதாகிவிட்டது. 3டிஎஸ் 2011ல் வந்தது, ஏழரைக் கோடிக்கும் மேல் விற்றது, 2020 செப்டம்பரில் உற்பத்தியை நிறுத்திவிட்டார்கள். 2023 மார்ச் 27 அன்று நின்டெண்டோவின் ஆன்லைன் கடையான ஈஷாப்பில் புதிதாக வாங்குவது நின்றது, 2024 ஏப்ரலில் பெரும்பாலான கேம்களுக்கு ஆன்லைன் ஆட்டமும் நின்றது. ஏற்கெனவே வாங்கியதை மறுபடி டவுன்லோட் செய்துகொள்ள இன்னும் வழி வைத்திருக்கிறார்கள், சரி, ஆனால் அது எவ்வளவு நாளைக்கு? 2022ல் அவர்களுடைய பழைய மெஷின்களுக்கான வீ ஷாப்பும் டிஎஸ்ஐ ஷாப்பும் மார்ச்சில் படுத்தன, ஜூலையில்தான் எழுந்தன. அந்த நான்கு மாதமும் காசு கொடுத்து வாங்கியவர்களுக்குக் கையைப் பிசைவதைத் தவிர வேறு வழி இல்லை.

கேட்ரிட்ஜ் கையில் இருப்பவர்களுக்கு அந்தக் கவலை குறைவு. ஆனால் நம் ஊரில் 3டிஎஸ் வைத்திருப்பவர்களில் பலருக்கு அது வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள் பெட்டியில் வந்ததுதான், அதோடு இந்த மெஷினுக்கு ரீஜன் லாக் வேறு உண்டு. அமெரிக்க மெஷினில் ஜப்பான் 3டிஎஸ் கேம் ஓடாது, ஐரோப்பிய கேமும் ஓடாது. அதனால் ஒரு கேட்ரிட்ஜ் கெட்டுப் போனால் அதே ரீஜனில் இன்னொன்று தேட வேண்டும், கேட்கிற விலையைக் கொடுக்க வேண்டும், வருவது ஒரிஜினலா போலியா என்று பயப்படவும் வேண்டும். இதற்கு ஒரு மாலை நேரத்தைச் செலவழித்து எல்லாவற்றையும் காப்பி எடுத்து வைப்பது எவ்வளவோ தேவலாம்.

சரி, காட்மோட்9 என்பது என்ன? அடிப்படையில் ஒரு ஃபைல் மேனேஜர். 3டிஎஸ்ஸுக்குள் இரண்டு வகை பிராசஸர் இருக்கிறது: கேம் ஓட்டுகிற ஆர்ம்11, பாதுகாப்பு வேலைகளைப் பார்க்கிற ஆர்ம்9. சாவிகள், என்கிரிப்ஷன், உள்ளே இருக்கும் நேண்ட் மெமரி, கேட்ரிட்ஜ் எல்லாவற்றிலும் கை வைக்கக்கூடியது அந்த ஆர்ம்9 தான். பெயரில் வரும் 9 அதைக் குறிக்கிறது. சாதாரண ஹோம்பிரூ ஆப் மாதிரி ஹோம் மெனுவிலிருந்து திறப்பதில்லை. பவர் பட்டனை அழுத்தும்போது ஸ்டார்ட் பட்டனைப் பிடித்துக்கொண்டால் நின்டெண்டோவின் சிஸ்டம் எழுவதற்கு முன்பே இது எழுந்துவிடும். அதனால்தான் கேட்ரிட்ஜை அதன் பூட்டோடு எடுக்கவும் பூட்டைத் திறந்து எடுக்கவும் இதனால் முடிகிறது.

இதை ஓட்ட மெஷினில் கஸ்டம் ஃபர்ம்வேர் (வெளியார் மாற்றியமைத்த சிஸ்டம் மென்பொருள்) இருக்க வேண்டும், அதாவது பூட்9ஸ்ட்ராப்பும் லூமா3டிஎஸ்ஸும். அதை எப்படிப் போடுவது என்று இங்கே எழுதப் போவதில்லை, ஏனென்றால் மெஷின் மாடலுக்கும் ஃபர்ம்வேர் பதிப்புக்கும் ஏற்ப வழி மாறுகிறது, பழைய குறிப்பைப் பார்த்துச் செய்தால் வம்பு. இப்போது எம்செட்9 என்ற வழி இருக்கிறது, அதற்கு எஸ்டி கார்டும் ஒரு கம்ப்யூட்டரும் இருந்தால் போதும். ஒரு காலத்தில் முந்தைய மெஷினான டிஎஸ்ஸுக்கு வந்த ஃபிளாஷ்கார்டை (நாமே ஃபைல்களை எழுதிக்கொள்ளக்கூடிய கேட்ரிட்ஜ்) சொருகி, மெஷின் மூடியிருக்கிறது என்று ஏமாற்ற ஒரு காந்தத்தை மேலே வைத்துக்கொண்டு, மூன்று நான்கு பட்டன்களைச் சேர்த்து அழுத்தினார்கள், பார்க்க மாந்திரீகம் மாதிரியே இருக்கும். இதற்கெல்லாம் மூலம் 2016 டிசம்பரில் ஹாம்பர்க்கில் நடந்த 33சி3 மாநாட்டில் வெளியே வந்த ஓர் ஓட்டை. மெஷின் ஆன் ஆனதும் முதலில் ஓடுகிற பூட் ரோமில், டிஜிட்டல் கையொப்பத்தைச் சரிபார்க்கும் இடத்தில் பிழை. பூட் ரோம் சிப்பிலேயே பொறிக்கப்பட்டது, விற்றுப்போன மெஷின்களுக்கு அப்டேட் அனுப்பி அதை அடைக்க முடியாது. அதனால் இந்த விஷயத்தில் நாளைக்கு ஏதாவது அப்டேட் வந்து எல்லாம் போய்விடுமோ என்ற பயம் கொஞ்சம் குறைவு.

காட்மோட்9 முதல் தடவை திறந்ததும் அதுவே ஒன்று கேட்கும்: இந்த மெஷினுக்கே உரிய முக்கியமான ஃபைல்களின் பேக்கப் காணவில்லை, எடுத்து வைக்கவா? கண்ணை மூடிக்கொண்டு சரி சொல்லுங்கள். அப்புறம் கேட்ரிட்ஜைத் தொடுவதற்கு முன்னால் முழு நேண்ட் பேக்கப்பும் எடுத்துவிடுங்கள், ஹோம் பட்டனை அழுத்தி ஸ்கிரிப்ட் பகுதிக்குள் போனால் அதற்கு ரெடியான ஸ்கிரிப்ட் இருக்கிறது, எஸ்டி கார்டில் 1.3 ஜிபி அளவுக்கு இடம் வேண்டும். கேம் பேக்கப்புக்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றும். சம்பந்தம் பெரிதாகவே இருக்கிறது, சேவ் பற்றிப் பேசும்போது சொல்கிறேன்.

இனி கேட்ரிட்ஜ். சொருகியதும் டிரைவ் பட்டியலில் சி டிரைவ் என்று கேட்ரிட்ஜ் வந்து நிற்கும், உள்ளே போனால் சில ஃபைல்கள். இங்கேதான் புதிதாக வருபவர்கள் திகைத்துப் போகிறார்கள், ஏனென்றால் கேமின் பெயரே இருக்காது, பதினாறு எழுத்தில் ஒரு டைட்டில் ஐடி மட்டும் இருக்கும். ஒரே கேம் இரண்டு ஃபைலாகத் தெரியும், ஒன்று முழுசு, இன்னொன்று டிரிம் செய்தது. கேட்ரிட்ஜ் சிப்புகள் 128 எம்பி முதல் 4 ஜிபி வரை குறிப்பிட்ட அளவுகளில்தான் வரும், கேம் 1.3 ஜிபி என்றால் 2 ஜிபி சிப்பில் போட்டு மீதியை வெற்று பைட்டுகளால் நிரப்பியிருப்பார்கள். அந்த வெற்றிடத்தை வெட்டிவிட்டு எடுப்பதுதான் டிரிம். ஆடுவதில் ஒரு வித்தியாசமும் இல்லை.

நான் முழுசாகவே எடுக்கிறேன். காரணம் இடம் இருக்கிறது என்பதல்ல, சரிபார்ப்பு. நோ-இன்ட்ரோ என்றொரு குழு உலகத்தில் வந்த கேட்ரிட்ஜ்களின் செக்சம்களை (ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் அடையாள எண்கள்) பட்டியலாகத் தொகுத்து வைத்திருக்கிறது, அதில் கேம் இருக்காது, எண்கள் மட்டும்தான். நீங்கள் எடுத்த முழு ஃபைலின் செக்சமும் அந்தப் பட்டியலில் இருப்பதும் ஒத்துப்போனால், உங்கள் காப்பியில் ஒரு பிட் கூட மாறவில்லை என்று அர்த்தம். டிரிம் செய்த ஃபைலை வைத்து இந்த ஒப்பீட்டைச் செய்ய முடியாது. பட்டியலில் என்கிரிப்ஷனோடு இருப்பதும் திறந்ததும் தனித்தனியாக இருக்கும், எதோடு எதை ஒப்பிடுகிறோம் என்று பார்த்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் நல்ல காப்பியைக் கெட்டது என்று நினைத்துத் தூக்கிப் போட்டுவிடுவீர்கள்.

எடுக்கும் முறை எளிது. ஃபைல் மேல் ஏ பட்டன், வரும் மெனுவில் வெளியே காப்பி செய்வது, சரிபார்ப்பது, எஸ்ஹெச்ஏ-256 என்ற செக்சம் கணக்கிடுவது, டிகிரிப்ட் செய்து (பூட்டைத் திறந்து) எழுதுவது, மெஷினில் நிறுவக்கூடிய சிஐஏ ஃபைலாகக் கட்டுவது என்று எல்லாம் வரிசையாக இருக்கும். எடுத்தது எஸ்டி கார்டில் ஜிஎம்9 ஃபோல்டருக்குள் அவுட் என்ற இடத்தில் போய் உட்காரும். பெரிய கேட்ரிட்ஜ் என்றால் சில நிமிஷங்கள் ஆகும், கார்டின் வேகத்தைப் பொறுத்துக் கூடும் குறையும், முன்னேற்றப் பட்டை ஓடிக்கொண்டே இருக்கும். முடிந்ததும் அதே ஃபைல் மேல் மறுபடி ஏ அழுத்திப் பெயர் மாற்றும் வாய்ப்பைக் கொடுத்தால் டைட்டில் ஐடியோடு கேமின் பெயர், பிராடக்ட் கோட், ரீஜன் எல்லாம் சேர்த்து ஒழுங்கான பெயராக அதுவே வைத்துவிடும். இதை முதலிலேயே செய்து தொலைக்கக் கூடாதா என்று எனக்கு ஒவ்வொரு தடவையும் தோன்றும்.

சரிபார்ப்பு என்கிற அந்த ஒரு வரியைத் தயவுசெய்து தாண்டிப் போகாதீர்கள். கேட்ரிட்ஜுக்குள் இருக்கும் ஒவ்வொரு பகுதிக்கும் ஹாஷ் எண் உள்ளேயே பதிந்திருக்கிறது, காட்மோட்9 தான் எடுத்ததை அதோடு வைத்துப் பார்த்து சரி, தவறு என்று சொல்கிறது. பழைய கேட்ரிட்ஜ்களில் பின்கள் கறுத்துப் போயிருக்கும், காப்பி எடுக்கும்போது எந்தப் பிழையும் காட்டாமல் கடைசி வரை ஓடிவிட்டு சரிபார்ப்பில் மாட்டுவது உண்டு. ஐசோப்ரொப்பைல் ஆல்கஹாலில் காது குடையும் பஞ்சுக் குச்சியை நனைத்துப் பின்களைத் துடைத்து, காயவிட்டு, மறுபடி எடுத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். ஊதுவது வேண்டாம். எச்சில் ஈரம் போய்ப் படிந்தால் பின்களுக்குக் கெடுதல்தான். இன்னும் சந்தேகம் என்றால் ஒரே கேட்ரிட்ஜை இரண்டு தடவை எடுத்து இரண்டின் செக்சமையும் ஒப்பிடுங்கள்.

இன்னொரு சின்ன ஃபைல் கண்ணில் படும், பெயரின் கடைசியில் ப்ரைவ் என்று வரும். அது பிரைவேட் ஹெடர், அந்தக் குறிப்பிட்ட கேட்ரிட்ஜுக்கே உரிய தகவல், ஒவ்வொரு கேட்ரிட்ஜுக்கும் வேறு. விருப்பம் இருந்தால் எடுத்து வைத்துக்கொள்ளலாம், ஆனால் யாருக்கும் கொடுக்க வேண்டாம். யாரிடமிருந்தாவது வாங்கிப் பயன்படுத்துவது இன்னும் மோசம்.

இந்த மென்பொருளில் எனக்கு மிகவும் பிடித்தது அதன் சந்தேகபுத்தி. வாசிப்பது, காப்பி எடுப்பது எல்லாம் தாராளமாக விடும். ஆனால் மெஷினின் உட்பகுதியில் எதையாவது எழுதவோ அழிக்கவோ போனால் நிறுத்தி, திசை பட்டன்களில் ஒரு வரிசையைக் கொடுத்து அதை அப்படியே அழுத்தச் சொல்லும். எந்த அளவுக்கு ஆபத்தோ அந்த அளவுக்கு வரிசை நீளும், மேலே இருக்கும் பட்டையின் நிறமும் மாறும். கையில் ஏ பட்டன் பழகிப்போய் எல்லாவற்றுக்கும் சரி சரி என்று அழுத்திக்கொண்டே போகிறவர்கள் நாம், அந்தப் பழக்கத்தைத்தான் இது உடைக்கிறது. கேட்ரிட்ஜ் காப்பி எடுக்கும் வேலையில் இந்த வரிசை வரவே கூடாது. வந்தால் நீங்கள் வேறு எங்கோ வந்துவிட்டீர்கள், பி அழுத்தி வெளியே வாருங்கள். மெஷினையே ஒன்றுக்கும் உதவாத செங்கல் ஆக்கக்கூடிய சக்தியுள்ள கருவி இது, அதன் பெயரில் காட் மோட் என்று வைத்தது விளையாட்டுக்காக இல்லை.

பிடிக்காததும் இருக்கிறது. திரை முழுக்க எழுத்து, ஐகான் கிடையாது, மெனுவுக்குள் மெனு. ஆர் பட்டனைப் பிடித்துக்கொண்டு ஏ அழுத்தினால் ஒன்று, வெறும் ஏ என்றால் வேறொன்று. மெஷினிலிருந்து கம்ப்யூட்டருக்கு நேராக அனுப்ப வழி இல்லை, கார்டைக் கழற்றத்தான் வேண்டும். பழைய 3டிஎஸ் என்றால் பக்கவாட்டில் மூடியைத் திறந்து எடுத்துவிடலாம். நியூ 3டிஎஸ், நியூ 3டிஎஸ் எக்ஸ்எல் இரண்டிலும் மைக்ரோ எஸ்டி பின் மூடிக்குள் ஒளிந்திருக்கிறது, சின்ன ஸ்க்ரூடிரைவர் இல்லாமல் தொட முடியாது, அந்த ஸ்க்ரூ தலை சீக்கிரம் வழுக்கிவிடும் வேறு. இது காட்மோட்9 செய்த பாவம் இல்லை, ஆனால் பத்து கேட்ரிட்ஜ் எடுக்க உட்கார்ந்தால் உங்கள் பாடுதான் திண்டாட்டம். எஃப்டிபிடி என்ற ஹோம்பிரூவைப் போட்டு வைஃபை வழியாக இழுக்கலாம், அது 2.4 கிகாஹெர்ட்ஸ் பழைய வைஃபை, 2 ஜிபி ஃபைல் போவதற்குள் சமையலே முடிந்துவிடும். சின்ன சேவ் ஃபைல்களுக்கு அது நல்ல வழி.

எஸ்டி கார்டைப் பற்றி ஒரு வார்த்தை. 3டிஎஸ் அதிகாரபூர்வமாக 32 ஜிபி வரைதான் என்று சொன்னாலும் ஃபேட்32ல் ஃபார்மேட் செய்தால் அதற்கு மேலும் எடுத்துக்கொள்ளும். பிரச்சினை போலி கார்டு. 128 ஜிபி என்று உறையில் அச்சிட்டு உள்ளே 8 ஜிபி வைத்து விற்கிற கார்டுகள் நம் கடைவீதிகளில் தாராளம். காப்பி ஆகும்போது ஒன்றும் சொல்லாது, திரும்ப வாசிக்கும்போதுதான் உள்ளே குப்பை என்று தெரியும். விண்டோஸில் ஹெச்2டெஸ்ட்டபிள்யூ, லினக்ஸிலும் மேக்கிலும் எஃப்3 என்று இலவச மென்பொருள்கள் இருக்கின்றன, கார்டு முழுவதும் எழுதித் திரும்ப வாசித்து உண்மை அளவைச் சொல்லிவிடும். பேக்கப் வேலைக்கு இறங்குவதற்கு முன்னால் அதை ஓட்டிவிடுங்கள், இரவு விட்டால் காலையில் முடிந்திருக்கும்.

இப்போது சேவ். 3டிஎஸ்ஸின் ஹோம் மெனுவிலேயே சேவ் பேக்கப் என்றொரு வசதியை நின்டெண்டோ கொடுத்திருக்கிறது, ஆனால் அது டவுன்லோட் செய்து வாங்கிய கேம்களுக்குத்தான், கேட்ரிட்ஜுக்குக் கிடையாது. கேட்ரிட்ஜ் கேமின் சேவ் கேட்ரிட்ஜிலேயே இருக்கிறது. கேட்ரிட்ஜ் தொலைந்தால் சேவும் போச்சு, தம்பியோ தங்கையோ புது கேம் ஆரம்பித்து மேலே எழுதினாலும் போச்சு. காட்மோட்9 சேவை அப்படியே மூல வடிவத்தில் எடுக்கும், டிஎஸ் கேட்ரிட்ஜுக்கு அது பிரமாதம், அந்த சேவ் ஃபைலை கம்ப்யூட்டரில் மெலன்டிஎஸ் என்ற எமுலேட்டரில் (மெஷினைப் போலவே நடந்து அதன் கேமை ஓட்டும் மென்பொருள்) போட்டு விட்ட இடத்திலிருந்து ஆடலாம். 3டிஎஸ் கேமுக்கு மூல வடிவம் அவ்வளவு வசதி இல்லை.

செக்பாயின்ட் இங்கேதான் வருகிறது. இது சாதாரண ஹோம்பிரூ ஆப், ஹோம் மெனுவிலிருந்தே திறக்கலாம், கேம்கள் ஐகானோடு வரிசையாகத் தெரியும், சொருகியிருக்கும் கேட்ரிட்ஜும் அதில் இருக்கும். கேமைத் தேர்ந்தெடுத்து பேக்கப் கொடுத்தால் தேதி நேரத்தோடு ஒரு ஃபோல்டர் உருவாகி சேவ் அதற்குள் தனித்தனி ஃபைல்களாகப் பிரிந்து விழும், என்கிரிப்ஷன் நீங்கி. இது வேறு மெஷினில் போட்டாலும் வேலை செய்யும், எமுலேட்டரிலும் வேலை செய்யும். எக்ஸ் அழுத்தினால் எக்ஸ்ட்டேட்டா என்ற இன்னொரு பக்கம் வரும், சில கேம்கள் கூடுதல் விஷயங்களை அங்கே வைக்கும், அதையும் எடுக்க மறந்துவிடாதீர்கள். இதில் எனக்கு ஒரே மனக்குறை, பேக்கப் எடுப்பதும் திரும்பப் போடுவதும் ஒரே திரையில் அருகருகே இருப்பது. காட்மோட்9 அளவுக்கு இது பயமுறுத்துவதில்லை. பழைய சேவை எடுத்துப் புதிய சேவ் மேல் போட ஒரு சரி போதும், அரைத் தூக்கத்தில் செய்கிற வேலை இல்லை.

நேண்ட் பேக்கப் பற்றிச் சொல்கிறேன் என்றேனே. டவுன்லோட் கேம்களும் அவற்றின் சேவ்களும் எஸ்டி கார்டில் நின்டெண்டோ 3டிஎஸ் என்ற ஃபோல்டருக்குள் இருக்கின்றன. பலர் அந்த ஃபோல்டரைக் கம்ப்யூட்டரில் காப்பி எடுத்துவிட்டு வேலை முடிந்தது என்று இருக்கிறார்கள். அது முழுக்க அந்த ஒரு மெஷினின் சாவியால் பூட்டப்பட்டது, சாவி மெஷினின் நேண்ட் மெமரியில் மூவபிள்.செட் என்ற ஃபைலில் இருக்கிறது. மெஷின் செத்துப்போனாலோ, சிஸ்டம் ஃபார்மேட் செய்து சாவி மாறிவிட்டாலோ அந்த ஃபோல்டர் வெறும் எடை. சாவி இருக்கும் நேண்ட் பேக்கப் கையில் இருந்தால் அதைத் திறக்க வழி உண்டு. பல ஜிபி கேம்களைக் கவனமாக எடுத்து வைத்துவிட்டு இந்த ஒரு ஃபைலை விட்டுவிடுவது பூட்டைப் பத்திரப்படுத்திவிட்டுச் சாவியை பஸ்ஸில் விட்டுவிட்டு வருவது மாதிரி.

டவுன்லோட் கேம்களைப் பூட்டில்லாமல் எடுக்க காட்மோட்9லேயே டைட்டில் மேனேஜர் இருக்கிறது, மெஷினில் இருக்கும் கேம்களின் பட்டியல் பெயரோடு வரும், ஒன்றைத் தேர்ந்தெடுத்து சிஐஏ ஆகக் கட்டலாம். ஈஷாப் மூடிய பிறகு எனக்கு இதுதான் அவசரமாகப் பட்டது, ஏனென்றால் டவுன்லோடாக மட்டும் வந்த சின்னச் சின்ன கேம்களுக்குக் கேட்ரிட்ஜே கிடையாது, பழைய பொருள் விற்பவரிடமும் தேட முடியாது. கேட்ரிட்ஜ்களை அப்புறம் நிதானமாக எடுக்கலாம், முதலில் இவற்றை எடுங்கள்.

டிஎஸ் கேட்ரிட்ஜ்களை 3டிஎஸ் அதே துளையில் ஏற்பதால் அவையும் இப்படியே வந்துவிடும், பெரும்பாலும் சின்னவை, பெரியதே 512 எம்பி, சீக்கிரம் முடியும். கேம் பாய் அட்வான்ஸ் கேட்ரிட்ஜ்களுக்கு 3டிஎஸ்ஸில் துளையே இல்லை, அதற்கு ஜிபிஎக்ஸ்கார்ட் மாதிரி யுஎஸ்பி ரீடர் வாங்க வேண்டும்.

எடுத்ததை வைத்து என்ன செய்வது? சிலர் மெஷினிலேயே சிஐஏ ஆகப் போட்டு கேட்ரிட்ஜை அலமாரியில் பூட்டி வைக்கிறார்கள், மூன்று வேளையும் கேட்ரிட்ஜ் மாற்றும் தொல்லை போய்விடும். கம்ப்யூட்டரில் ஆட நினைப்பவர்களுக்கு முன்பு சிட்ரா என்ற 3டிஎஸ் எமுலேட்டர் இருந்தது. 2024 பிப்ரவரியில் நின்டெண்டோ நிறுவனம், தன் ஸ்விட்ச் மெஷினுக்கான எமுலேட்டரான யூசு மேல் வழக்குப் போட்டது, மார்ச் தொடக்கத்திலேயே 24 லட்சம் டாலருக்கு சமரசம் ஆனது, இரண்டுக்கும் பின்னால் அதே ஆட்கள் என்பதால் சிட்ராவும் சேர்ந்து போனது. சிட்ராவின் கிளைகள் ஒன்று சேர்ந்து 2025ல் அஸஹார் என்ற பெயரில் ஒரு எமுலேட்டராக வந்திருக்கின்றன. அதற்கு டிகிரிப்ட் செய்த ஃபைல் வேண்டும், அதோடு 3டிஎஸ் என்று முடியும் ஃபைலை ஏற்காது, முடிவை சிசிஐ என்று மாற்றிக் கொடுக்க வேண்டும். காட்மோட்9 எடுத்த ஃபைலைக் கொடுத்தேன், திறக்கவே இல்லை என்று புலம்புபவர்களில் பாதிப் பேருக்கு இந்தப் பெயர் விஷயம்தான்.

சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்பீர்கள். இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957ல் பிரிவு 52(1)(ஏஏ) என்று ஒன்று இருக்கிறது: ஒரு கம்ப்யூட்டர் புரோகிராமின் பிரதியை முறைப்படி வைத்திருப்பவர், அது தொலைவதிலிருந்தோ கெடுவதிலிருந்தோ காத்துக்கொள்ள மட்டும் பேக்கப் எடுக்கலாம். 2012 திருத்தத்தில் வந்த 65ஏ பிரிவு டிஜிட்டல் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்குகிறது, ஆனால் உரிமையை மீறும் நோக்கத்தோடு உடைத்தால் என்று அதில் இருக்கிறது. அமெரிக்காவில் டிஎம்சிஏ என்ற பதிப்புரிமைச் சட்டம் இதைவிட இறுக்கம். கேம் என்பது புரோகிராம் மட்டுமா, இசையும் படமும் சேர்ந்ததா என்று வக்கீல்கள் வாதாட நிறைய இடம் இருக்கிறது, அதனால் உத்தரவாதமாக யாரும் எதுவும் சொல்ல முடியாது. என் நிலை எளிது: என் கேட்ரிட்ஜ், என் காப்பி, யாருக்கும் கொடுப்பதில்லை. கேட்ரிட்ஜை விற்றால் காப்பியையும் அழித்துவிட வேண்டும், அந்தப் பிரிவில் முறைப்படி வைத்திருப்பவர் என்றுதான் சொல்லியிருக்கிறது, முன்னொரு காலத்தில் வைத்திருந்தவர் என்று இல்லை. நண்பனிடம் ஒரு வாரம் கடன் வாங்கி எடுத்துக்கொள்வதும் இதே கணக்கில்தான் வரும், பேக்கப் என்று அதற்குப் பெயர் வைக்காதீர்கள்.

மற்ற கையடக்க மெஷின்களோடு ஒப்பிட்டால், சோனியின் பிஎஸ்பி இதைவிடச் சுலபம். கஸ்டம் ஃபர்ம்வேரில் யுஎஸ்பி அமைப்பை யுஎம்டி டிஸ்க் (பிஎஸ்பி கேம் வரும் சின்ன டிஸ்க்) என்று மாற்றிக் கேபிளைச் சொருகினால் கம்ப்யூட்டரில் ஒரு ஐஎஸ்ஓ ஃபைலாகவே டிஸ்க் தெரியும், இழுத்துப் போட வேண்டியதுதான். சரிபார்ப்பு மட்டும் உங்கள் பொறுப்பு. ஸ்விட்சுக்கு என்எக்ஸ்டம்ப்டூல் இருக்கிறது, நல்ல கருவி, ஆனால் அங்கே நிலைமையே வேறு. 2018ல் வெளியான வன்பொருள் ஓட்டை முதலில் வந்த ஸ்விட்ச்களில்தான் இருக்கிறது, பின்னால் வந்தவற்றில் அடைத்துவிட்டார்கள், அதோடு ஆன்லைன் சேவை இன்னும் உயிரோடு இருப்பதால் ஹோம்பிரூ ஓட்டியது தெரிந்தால் மெஷினையே தடை செய்துவிடும் ஆபத்து இருக்கிறது. 3டிஎஸ்ஸில் ஆன்லைன் ஆட்டமே போய்விட்ட பிறகு இழப்பதற்கு அவ்வளவாக ஒன்றும் இல்லை. நண்பர்களோடு ஆன்லைனில் ஆடும் ஸ்விட்ச் ஒன்றுதான் வீட்டில் இருக்கிறது என்றால் அதில் இந்த வேலையைத் தொடங்க நான் சொல்ல மாட்டேன், கேட்ரிட்ஜைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள், சேவுக்கு அவர்களே விற்கும் கிளவுட் சேவை பெரும்பாலான கேம்களுக்கு இருக்கிறது.

3டிஎஸ்ஸில் கஸ்டம் ஃபர்ம்வேர் ஏற்கெனவே இருக்கிறது என்றால் இன்றைக்கே காட்மோட்9ஐத் திறங்கள், அது எங்கேயோ ஒரு மூலையில் கூடவே வந்திருக்கும், தனியாகப் போட வேண்டியிருக்காது. இல்லை என்றால் முதலில் ஒரு நல்ல எஸ்டி கார்டு வாங்குங்கள், பில் கொடுக்கும் கடையில்.